நிறத்தை ஏற்றாத ஒரு மணப்பெண் அலங்காரம்: உறையூர் அனுபவம்

கடந்த ஆவணியில் திருச்சியில் நடந்த என் திருமணத்துக்கு, முகூர்த்தம், வரவேற்பு இரண்டுக்கும் அலங்காரம் செய்தவர் உறையூரில் தம் வீட்டு மாடியிலேயே தொழில் நடத்தும் ஒரு பெண்மணி. அவர் பெயர்ப்பலகை வைத்திருக்கவில்லை. தெரிந்தவர் சொல்லி வருபவர்களை மட்டுமே எடுத்துக்கொள்கிறார். ஆகையால் பெயரைக் குறிப்பிடாமல், அவருடைய வேலை எப்படியிருந்தது என்பதையும், மணப்பெண் அலங்காரத்துக்கு ஆள் தேடும்போது நான் எதைப் பார்த்தேன் என்பதையும் எழுதுகிறேன்.

நான் கறுப்பு. வீட்டில் மாநிறம் என்பார்கள். ஜாதகத்தோடு கொடுத்தனுப்பிய குறிப்பில் ‘கோதுமை நிறம்’ என்று என் அப்பாவே தம் கையால் எழுதியிருந்தார். தினமும் சப்பாத்திக்கு மாவு பிசைகிற எனக்குக் கோதுமையின் நிறம் தெரியாதா? நிச்சயதார்த்தம் முடிந்து கல்யாணத்துக்கு இடையில் கிடைத்த மூன்று மாதங்களில், அதுவரை யாருக்கும் உறுத்தாத என் முகம் திடீரென்று ஊர்ப் பொதுவிஷயமாகிவிட்டது. “மாப்பிள்ளை நல்ல சிகப்பு, பக்கத்துல நின்னா போட்டோல எப்படி வருமோ” என்றார் அத்தை. “கை கொஞ்சம் பூசினாப்ல இருக்கு, முழங்கை வரைக்கும் வச்சிடலாம்” என்றார் ஜாக்கெட்டுக்கு அளவெடுத்தவர். எதிர்வீட்டு மாமி, வண்டியில் வேலைக்குப் போவதை நிறுத்தச் சொன்னார். இவர்களில் ஒருவரும் மனம் நோக வேண்டும் என்று பேசவில்லை, அக்கறையோடுதான் சொன்னார்கள். கோபித்துக்கொள்ளவும் முடியாமல் கேட்டுக்கொண்டிருக்கவும் முடியாமல் செய்வது அந்த அக்கறைதான்.

முதலில் நான் அட்வான்ஸ் கொடுத்தது இவரிடம் அல்ல, நகரின் வேறொரு பகுதியில் இருக்கும் பெரிய அழகுநிலையம் ஒன்றில். குளிரூட்டப்பட்ட அறை, காபி, வழவழப்பான ஆல்பம் எல்லாம் இருந்தன. நாற்காலியில் உட்கார்ந்த மறுநிமிடம், என்ன புடவை, எத்தனை மணிக்கு முகூர்த்தம் என்று ஒன்றுமே கேட்காமல், கண்ணாடியில் என்னைப் பார்த்தபடி, “கவலைப்படாதீங்க மேடம், ரெண்டு ஷேடு ஏத்திடலாம்” என்றார் அந்த ஊழியர். நான் கவலைப்படுவதாக அவரிடம் சொல்லவே இல்லை. ட்ரையல் முடிந்தபோது முகம் சாம்பல் பூத்த வாழைக்காய்போல இருந்தது. கழுத்து மட்டும் என்னுடையதாக இருந்தது. கிளம்பும்போது, இரவில் பூசிக்கொள்ளச் சொல்லி ஒரு சிறிய டப்பாவை விலைக்குக் கொடுத்தார்கள். அதில் தயாரிப்பாளர் பெயரோ, உரிம எண்ணோ, காலாவதித் தேதியோ எதுவும் அச்சிடப்படவில்லை.

அந்த டப்பாவைப் பற்றிச் சற்று விரிவாகவே சொல்ல வேண்டும், ஏனென்றால் கல்யாணத்துக்கு முந்தைய வாரங்களில்தான் இத்தகைய டப்பாக்கள் அதிகம் கைமாறுகின்றன. தெரிந்த தோல் மருத்துவர் ஒருவரிடம் காட்டியபோது, பெயரில்லாத க்ரீம்களில் ஸ்டீராய்டோ பாதரசமோ கலந்திருக்க வாய்ப்புண்டு என்றும், முதலில் பளிச்சென்று தெரிந்தாலும் ஸ்டீராய்டால் நாளடைவில் தோல் மெலிந்து, சிவந்து, பருவும் முடியும் தோன்றும் என்றும், நிறுத்தினால் எரிச்சல் இன்னும் கூடும் என்றும் விளக்கினார். 2023ஆம் ஆண்டில் கேரளத்தின் மலப்புரம் மாவட்டத்தில், சிவப்பழகு க்ரீம் பூசியவர்கள் சிலருக்குச் சிறுநீரக நோய் வந்ததை மருத்துவர்கள் கண்டறிந்த செய்தி பலருக்கு நினைவிருக்கலாம். டப்பாவைக் குப்பையில் போட்டேன். அட்வான்ஸ் திரும்பவில்லை.

உறையூர் அக்காவிடம் தோழி ஒருத்தி அழைத்துப் போனாள். மாடிப்படி செங்குத்து, வண்டி நிறுத்த இடமில்லை, அறையில் மின்விசிறி மட்டும்தான். ஆனால் அவர் முதலில் கேட்டவை வேறு கேள்விகள். முகூர்த்தப் புடவை என்ன நிறம், மண்டப மேடையில் என்ன விளக்கு, நலங்கு எப்போது என்றெல்லாம் கேட்டார். நலங்கு எதற்கு என்று எனக்குப் புரியவில்லை. முகத்தில் பூசிய மஞ்சள் முழுதும் போகாது, மறுநாள் ஃபவுண்டேஷனின் நிறம் அதன்மேல் மாறித் தெரியும். அதனால் முகத்துக்கு ஒரு பொட்டு மட்டும் வைத்துவிட்டுக் கைக்கும் காலுக்கும் தாராளமாகப் பூசச் சொல்லுங்கள் என்றார்.

பிறகு என் தாடையோரத்தில் மூன்று ஷேடுகளை விரல் அகலக் கோடுகளாகத் தீற்றி, கையில் ஒரு சிறு கண்ணாடியைக் கொடுத்து, “வாங்க, வெயில்ல பார்ப்போம்” என்று மொட்டை மாடிக்கு அழைத்துப் போனார். அறைக்குள் மூன்றும் ஒன்றுபோலத்தான் தெரிந்தன. பகல் வெளிச்சத்தில் முதல் கோடு சுண்ணாம்பாக நின்றது. இரண்டாவது லேசாக ரோஸ் அடித்தது. மூன்றாவது எங்கே என்று தேட வேண்டியிருந்தது. “காணாமப் போச்சுல்ல, அதுதான் உங்களுது” என்றார். மூன்று மாதங்களில் என் நிறத்தைப் பற்றி ஒருவர் பேசி, அது எனக்கு வலிக்காமல் போனது அப்போதுதான். அதைக் குறையாகச் சொல்லவில்லை, ஆறுதலாகவும் சொல்லவில்லை. துணிக்கடையில் நூலுக்கு நிறம் பொருத்துகிறவர்போலச் சொன்னார். ‘கறுப்பே அழகு, காந்தலே ருசி’ என்று பாட்டி சொல்லும்போதுகூட அதில் ஒரு சமாதானம் ஒட்டியிருக்கும். இவரிடம் அது இல்லை.

ட்ரையலுக்கு என்னோடு வந்திருந்த அத்தை அவ்வளவு எளிதில் விட்டுவிடவில்லை. “இன்னும் கொஞ்சம் வெளுப்பா போடும்மா, ரிசப்ஷன்ல லைட்டு நிறைய இருக்கும்” என்றார். லைட் நிறைய இருப்பதால்தான் போடவில்லை என்று அக்கா பதில் சொன்னார். சிலிக்கா அதிகமுள்ள வெண்பவுடர் கேமராவின் ஃபிளாஷில் வெள்ளையாகத் திரும்பி அடிக்கும் என்று, தம் கைப்பேசியாலேயே புறங்கையில் படமெடுத்துக் காட்டினார். அத்தை அதையும் தாண்டி ஏதோ தொடங்கியபோது, “அம்மா, நீங்க பட்டுப்புடவை நிறைய கட்டினவங்க, இந்த மடிப்பைக் கொஞ்சம் பிடிங்க” என்று கொசுவத்தை அவர் கையில் கொடுத்துவிட்டார். அத்தை தரையில் மண்டியிட்டு அரை மணி நேரம் மடிப்பு எடுத்தார். அதன்பின் பேச்சு முழுதும் கரையின் அகலத்தைப் பற்றித்தான்.

இது அவருடைய தொழில் தந்திரம் என்று பின்னால் சொன்னார்: பேசுகிறவர் கைக்கு வேலை கொடுத்துவிட வேண்டும். நான் இதை வீட்டிலும் கடைப்பிடித்தேன். எதிர்வீட்டு மாமிக்குத் தாம்பூலப் பைகளில் தேங்காய் போடும் பொறுப்பு போனது. எல்லாரிடமும் இது பலிக்காது என்பதும் உண்மை. அப்பாவிடம் மட்டும் நான் நேராகவே, “கோதுமைன்னு ஏன்பா எழுதினீங்க?” என்று கேட்டேன். அவர் வெகுநேரம் ஒன்றும் சொல்லவில்லை. “எல்லாரும் அப்படித்தான் எழுதறாங்க” என்றார். 1975இல் சந்தைக்கு வந்த புகழ்பெற்ற க்ரீம் ஒன்று 2020இல் தன் பெயரிலிருந்து சிவப்பழகைக் குறிக்கும் சொல்லை எடுத்துவிட்டது. எங்கள் வீட்டு ஜாதகக் குறிப்புக்கு அந்தச் செய்தி வந்து சேரவில்லை.

முகூர்த்தம் ஆறு மணிக்கு; அக்கா சொன்னபடி மூன்று மணிக்கு மண்டபத்தில் இருந்தார். ஓமப்புகையில் கண் கலங்கியும் மை கசியவில்லை. அன்றும் மணமகள் அறையில், “கன்னத்துப் பரு அப்படியே தெரியுதே” என்று ஒரு குரல் வந்தது. அலங்காரம் முடியும்வரை அம்மாவும் தோழியும் தவிர வேறு யாரும் உள்ளே இருக்க வேண்டாம் என்று அவர் முன்பே போட்ட நிபந்தனை அப்போதுதான் எனக்கு விளங்கியது. அக்கா கதவைச் சாத்தினார்.

குறைகளும் உண்டு. செய்திக்குப் பதில் வர இரண்டு நாளாகும். ட்ரையலுக்குத் தனியாக ஆயிரத்து ஐந்நூறு ரூபாய் வாங்குகிறார், அதை மொத்தக் கட்டணமான பதினெட்டாயிரத்தில் கழிப்பதில்லை. முக்கியமாக, சடை அலங்காரம் அவருக்குக் கைவரவில்லை. மாலை மாற்றும்போதே ஜடைநாகம் ஒரு பக்கம் சரிந்துவிட்டது. அத்தைதான் ஓடிவந்து கொண்டை ஊசி குத்தினார், அப்போதும் ஏதோ சொல்லிக்கொண்டே. தை மாத முகூர்த்தத்துக்கு இவரை நினைப்பவர்கள் இப்போதே சொல்லிவைப்பது நல்லது. சடைக்கு மட்டும் வேறு ஆளைப் பார்த்துக்கொள்ளுங்கள்.