கீமோ டேகேர்: சலைனில் கறார், வீட்டுக்கு அனுப்புவதில் கோட்டை விடுகிறார்கள்

சித்தப்பாவுக்குத் தொண்டைப் புற்றுநோய். சிஸ்பிளாட்டின் என்ற கீமோ மருந்தை அவர் போட்டுக்கொண்ட டேகேர் பிரிவைப் பற்றித்தான் எழுதுகிறேன். நாற்காலி, ஏசி, டிவி எல்லாம் சுமார், அதை விடுங்கள். இந்த மருந்துக்குப் போகிறவர்கள் முதலில் பார்க்க வேண்டியது கிட்னியை எப்படிக் கவனிக்கிறார்கள் என்பதை, ஏனென்றால் சிறுநீர் வழியாக வெளியேறுகிறபோதே அது கிட்னியின் நுண்குழாய்ச் செல்களுக்குள் சேர்ந்து அவற்றைக் கெடுக்கும், உடம்பிலுள்ள மெக்னீசியத்தையும் சிறுநீரோடு இழுத்துக்கொண்டு போய்விடும்.

அந்த விஷயத்தில் இவர்கள் கறார். மருந்துக்கு முன்னாலும் பின்னாலும் மெக்னீசியம் கலந்த சலைனை அவசரப்படாமல் ஏற்றுகிறார்கள். "ஐயா, பாத்ரூம்ல கொட்டிடாதீங்க, இதுல பிடிச்சு எவ்வளவுன்னு சொல்லுங்க" என்று நர்ஸ் அளவு ஜாடியைக் கையில் கொடுத்துவிட்டார். சித்தப்பா கூச்சப்பட்டு நெளிந்தார், அந்தம்மா விடுவதாக இல்லை. ஏறுகிற அளவுக்கு வெளியே போகவில்லை என்றால் உடனே டாக்டருக்கு போன்.

எனக்குப் பிடித்தது எடை பார்க்கிற பழக்கம். ஒவ்வொரு முறையும் செருப்பைக் கழற்றச் சொல்லிப் புதிதாகப் பார்க்கிறார்கள், பழைய சீட்டைப் பார்த்து எழுதுவதில்லை. கிட்னியைப் பார்க்க ரத்தத்தில் அளக்கும் கிரியேட்டினின் என்ற கழிவு தசையிலிருந்து வருவது. சாப்பிட முடியாமல் தசை வற்றிப்போன ஆளுக்கு ரிப்போர்ட்டில் 0.8 என்று அழகாக வரும், கிட்னியோ உள்ளே திணறிக்கொண்டிருக்கும். அதனால் வயது, எடை, கிரியேட்டினின் மூன்றையும் வைத்து கிட்னியின் வடிகட்டும் திறனைக் கணக்குப் போட்ட பிறகுதான் மருந்தையே கலக்கச் சொல்கிறார்கள். ஒரு தடவை அந்த எண் இறங்கியிருந்தது, இன்றைக்கு மருந்து இல்லை என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள். அலைச்சல்தான், எரிச்சலும் வந்தது, ஆனால் அதற்கே ஒரு நட்சத்திரம் கூடப் போடலாம். தேவைப்பட்டால் கார்போபிளாட்டின் என்ற இதே வகை மருந்துக்கு மாற்றலாம் என்றும் சொன்னார்கள். அது கிட்னியை அவ்வளவாகத் தொந்தரவு செய்யாது, ஆனால் அதன் டோஸையே வடிகட்டும் வேகத்தை வைத்துத்தான் முடிவு செய்வார்கள்.

சொதப்புவது வீட்டுக்கு அனுப்பும்போது. கையில் கொடுக்கிற தாளில் வாந்தி மாத்திரை விவரம் மட்டும்தான். டாக்டரைக் கேட்காமல் ஐபுப்ரோஃபென், டைக்ளோஃபெனாக் மாதிரி வலி மாத்திரைகள் பக்கம் போகக்கூடாது, வாந்தியோ பேதியோ நிற்காமல் தண்ணீர்கூட இறங்கவில்லை என்றால் அன்றைக்கே வந்து டிரிப் போட்டுக்கொள்ள வேண்டும், இதெல்லாம் நான் கேட்டுக் கேட்டு வாங்கியது. சரி, போனில் கேட்கலாம் என்றால் மாலைக்கு மேல் எடுக்க ஆளில்லை. சிஸ்பிளாட்டின் வாந்தி பெரும்பாலும் இரண்டாம், மூன்றாம் நாளில்தான் உச்சத்துக்குப் போகும், அதுவும் டேகேர் நேரம் பார்த்தா வரும்?