முட்டை வந்தாச்சு, பெற்றோர் எங்கே?

போக்கிமான் விளையாட்டைத் தீவிரமாக ஆடுகிற ஒருவர், பிடித்தவற்றை ஆட்டத்துக்குள் சேமித்து வைக்கும் பெட்டிகளைத் திறந்து பாருங்கள். முப்பது கட்டங்களிலும் ஒரே உருவம், எல்லாமே லெவல் 1. முட்டையிலிருந்து பொரித்து, ஒரு முறை பார்த்து, 'இது இல்லை' என்று ஒதுக்கப்பட்ட குஞ்சுகள். என்னிடம் அப்படி ஏழு பெட்டிகள் இருந்தன. டிராகன் குவெஸ்ட் மான்ஸ்டர்ஸ் ஆடுபவரிடம் இப்படி ஒரு பெட்டியைப் பார்க்கவே முடியாது. அங்கே ஒரு குஞ்சு வந்தால் இரண்டு பெரியவர்கள் போய்விட்டார்கள் என்று அர்த்தம்.

மான்ஸ்டர்களைப் பிடித்துச் சேர்க்கும் விளையாட்டுகளை ஒப்பிடும்போது நான் முதலில் கேட்பது இதைத்தான்: பிள்ளை பிறந்த பிறகு பெற்றோர் என்ன ஆகிறார்கள்? எந்தக் குணம் யாரிடமிருந்து வருகிறது, முட்டை பொரிய எவ்வளவு நேரம் ஆகும் என்பதெல்லாம் அப்புறம்.

போக்கிமானில் பெற்றோருக்கு ஒன்றும் ஆவதில்லை. 1999-இல் ஜப்பானில் வந்த கோல்டு, சில்வர் ஆட்டங்களில்தான் முட்டை அறிமுகமானது. ஆணையும் பெண்ணையும் காப்பகத்தில் விட்டுவிட்டு நடக்க வேண்டும். திரும்பி வந்தால் முட்டை இருக்கும். ஜோடி சேர இரண்டுக்கும் ஒரு முட்டைக் குழுவாவது பொதுவாக இருக்க வேண்டும். உருவ அளவைப் பற்றி ஆட்டம் கவலைப்படுவதில்லை. 60 சென்டிமீட்டர் உயரமுள்ள பூனைக்குட்டி ஸ்கிட்டியும் 14.5 மீட்டர் நீளத் திமிங்கிலம் வெய்லார்டும் ஒரே குழு என்பது ரசிகர்களின் பழைய நகைச்சுவை. பிறப்பது ஸ்கிட்டியா திமிங்கிலமா? தாயைப் போல பிள்ளை. ஸ்கிட்டி தாயானால் ஸ்கிட்டிதான் வரும். எந்த உருவத்தையும் எடுக்கும் டிட்டோ என்ற போக்கிமானோடு சேர்த்தால் மட்டும் கணக்கு மாறும்: ஆணோ பெண்ணோ, டிட்டோ அல்லாததன் இனமே பிறக்கும்.

இதுவரை எளிது. அடியில் இருக்கிற எண்கள்தான் ஆளைப் பைத்தியமாக்கும். ஒவ்வொரு போக்கிமானுக்கும் ஆறு திறன்கள், ஒவ்வொன்றுக்கும் 0 முதல் 31 வரை ஒரு பிறவி மதிப்பு. சாதாரணமாக இந்த ஆறில் மூன்று மட்டும் பெற்றோரிடமிருந்து வரும். மீதி மூன்று குலுக்கல். 2013-இல் வந்த எக்ஸ், ஒய் ஆட்டங்களிலிருந்து, பெற்றோரில் ஒருவர் டெஸ்டினி நாட் என்ற சிவப்புக் கயிற்றைப் பிடித்திருந்தால் ஐந்து வரும். வித்தியாசத்தைக் கணக்குப் போட்டுப் பாருங்கள். தாய், தகப்பன் இருவருக்கும் ஆறும் 31 என்றே வைத்துக்கொள்வோம். அந்தப் பொருள் இல்லாமல் ஆறும் 31 ஆக ஒரு பிள்ளை பிறக்கும் வாய்ப்பு 32,768-இல் ஒன்று. இருந்தால் 32-இல் ஒன்று. ஒரே ஒரு சிவப்புக் கயிறு செய்கிற வேலை இது.

இதோடு, திறன்களைச் சற்றே கூட்டிக் குறைக்கும் இயல்பு என்று ஒன்று, மொத்தம் 25 வகை. பெற்றோரில் ஒருவர் எவர்ஸ்டோன் என்ற கல்லைப் பிடித்திருந்தால் அவரின் இயல்பு இப்போதைய ஆட்டங்களில் தப்பாமல் பிள்ளைக்கு வரும். அப்புறம் முட்டை வழியாக மட்டுமே வரும் தாக்குதல்கள். ஒரு காலத்தில் இவை தகப்பன் வழியாகத்தான் இறங்கும். அதனால் ஓர் இனத்தின் வித்தையை இன்னொரு இனத்துக்குக் கொண்டுபோக நடுவில் இரண்டு மூன்று ஜோடிகளை ஏற்பாடு செய்ய வேண்டியிருந்தது, தரகர் வேலை மாதிரி. நிறம் மாறிய ஷைனி வேண்டும் என்பவர்களுக்கு மசுடா முறை இருக்கிறது. பெற்றோர் இருவரும் வெவ்வேறு மொழிப் பதிப்புகளிலிருந்து வந்தவர்களாக இருந்தால், 4,096-இல் ஒன்று என்கிற வாய்ப்பு ஏறத்தாழ 683-இல் ஒன்றாகக் கூடும். கூடவே ஷைனி சார்ம் என்ற பொருளும் கையில் இருந்தால் 512-இல் ஒன்று.

இதில் எனக்கு ஒரு குறை உண்டு. இத்தனை விதிகள் இருந்தும், விதிகளைக் கற்ற பிறகு நாம் செய்வது ஒரே வேலைதான்: முட்டை வாங்கு, நட, பார், ஒதுக்கு. முடிவெடுக்கும் இடம் முதல் பத்து நிமிடத்தோடு முடிந்துவிடுகிறது. உருவாக்கியவர்களுக்கும் இது தெரிந்திருக்கும் போல. 2016-இல் சன், மூன் வந்தபோது லெவல் 100-ஐத் தொட்ட போக்கிமானின் திறன்களைப் பயிற்சியால் உச்சத்துக்கு ஏற்றும் வசதி வந்தது. 2019-இல் இயல்பின் விளைவை மாற்றும் புதினா இலைகள். 2022-இன் ஸ்கார்லெட், வயலட்டில் காப்பகமே இல்லை; பிக்னிக் விரிப்பைப் போட்டு உட்கார்ந்தால் கூடையில் முட்டைகள் சேரும். ஒன்றை மட்டும் ரசித்தேன்: பயிற்சியால் ஏற்றிய திறன் பிள்ளைக்குப் போகாது, பிறவி மதிப்புதான் போகும். அந்த ஓர் இடத்தில் ஆட்டம் உயிரியல் பாடப் புத்தகத்தோடு ஒத்துப்போகிறது.

டிராகன் குவெஸ்ட் மான்ஸ்டர்ஸுக்கு வருவோம். போக்கிமான் முட்டைக்கு ஓராண்டு முன்பே, 1998-இல், கேம் பாய்க்கு வந்தது. இரண்டு மான்ஸ்டர்களும் லெவல் 10-ஐத் தொட்டிருந்தால் சேர்க்கலாம். சேர்த்ததும் இரண்டும் உங்களை விட்டுப் போய்விடும், முட்டை மட்டும் மிஞ்சும். பிள்ளை பெரும்பாலும் இருவரையும் போல இல்லாத வேறொரு இனமாக இருக்கும்; எந்தக் குடும்பத்தை எதோடு சேர்த்தீர்கள் என்பது அதைத் தீர்மானிக்கும். லெவல் 1-இல் தொடங்கினாலும், பெற்றோர் கற்ற வித்தைகளைக் கற்கும் வாய்ப்பும், பெயருக்குப் பக்கத்தில் ஒரு கூட்டல் எண்ணும் அதற்குச் சொத்து. தலைமுறை ஏற ஏற அந்த எண்ணும் ஏறும், பிள்ளையும் பலமாகும். தாய்மரம் போக, பக்கக்கன்று எழுகிற வாழையடி வாழைதான்.

2006-இல் இந்தத் தொடரின் ஜோக்கர் ஆட்டம் வந்த பிறகு இதைக் கலப்பு என்றே அழைக்கிறார்கள், ஆண் பெண்ணுக்குப் பதில் பிளஸ், மைனஸ் குறிகள். சில பெரிய மான்ஸ்டர்களுக்குத் தாய் தகப்பன் மட்டும் சரியாக இருந்தால் போதாது, நான்கு தாத்தா பாட்டிகளும் சரியாக இருக்க வேண்டும். அதாவது இரண்டு தலைமுறைக்கு முன்பே திட்டம் போட்டிருக்க வேண்டும். 2023-இல் நின்டெண்டோ ஸ்விட்சுக்கு வந்த தி டார்க் பிரின்ஸ் ஆட்டத்தில், சேர்ப்பதற்கு முன்பே என்ன பிறக்கும் என்று பட்டியல் காட்டிவிடுகிறது. பழைய ஆட்கள் இதைச் சொகுசு என்பார்கள். எனக்கு அதில் புகார் இல்லை. பெற்றோரை இழக்கிற முடிவை எடுப்பவனுக்கு என்ன கிடைக்கும் என்றாவது தெரிய வேண்டாமா?

பெற்றோரைக் கொடுத்துப் பிள்ளையை வாங்கும் யோசனை இன்னும் பழையது. 1987-இன் மெகாமி டென்சே ஆட்டத்திலேயே பேய்களை இணைத்துப் புதுப் பேய் செய்யலாம். இன்றுவரை அந்தத் தொடரின் அடிப்படை விதி பெரிதாக மாறவில்லை. இரண்டு பேய்களின் இனம் புதியதன் இனத்தைச் சொல்லும். அவற்றின் லெவல் சராசரி, அந்த இனத்தில் எது என்று சொல்லும். உங்கள் லெவலைத் தாண்டிய பேய் பிறக்காது. ஆனால் டிராகன் குவெஸ்டில் இருக்கிற வலி இங்கே இல்லை. பதிவேட்டில் ஏறிய பேயைக் காசு கொடுத்துத் திரும்ப அழைத்துக்கொள்ளலாம். இணைத்த மறுநிமிடமே பழையதை வாங்கி மறுபடி இணைக்கிறோம். இதன் கிளைத் தொடரான பெர்சோனாவின் ஐந்தாம் ஆட்டத்தில் இணைப்பதற்குக் கில்லட்டின் வைத்திருக்கிறார்கள். காட்சி கொடூரமாக இருந்தாலும் இழப்பு என்று ஒன்றுமில்லை.

பால்வேர்ல்ட் 2024 ஜனவரியில் முன்னோட்டமாக வெளியானது. இங்கே பெற்றோர் உயிரோடு இருப்பது மட்டுமல்ல, வேலைக்கும் வைக்கப்படுகிறார்கள். பண்ணையில் ஓர் ஆண், ஒரு பெண், பெட்டியில் கேக். கேக் தீராதவரை முட்டை வந்துகொண்டே இருக்கும். கேக்குக்கு மாவு, பால், முட்டை, தேன், பெர்ரி வேண்டும், அவற்றைத் தருவதும் மற்ற 'பால்'கள்தான் (Pal, இங்கே மான்ஸ்டர்களின் பெயர் அது). ஒவ்வோர் இனத்துக்கும் வெளியே தெரியாத ஓர் எண் இருக்கிறது. பெற்றோர் எண்களின் சராசரிக்கு எந்த இனத்தின் எண் பக்கத்தில் இருக்கிறதோ அதுவே பிறக்கும். சில விசேஷ ஜோடிகளுக்கு மட்டும் விதிவிலக்கு. இதனால் பென்கிங்கையும் புஷியையும் சேர்த்தால் அனுபிஸ் கிடைக்கும். வெளியே லெவல் 47 தலைவனாக நின்று உங்களை அடித்து விரட்டும் அதே அனுபிஸ். இந்தக் குறுக்குவழியைக் கண்டுபிடித்த அன்று எனக்கு இருந்த சந்தோஷத்தை போக்கிமான் முட்டை எதுவும் தந்ததில்லை. ஆனால் அடுத்த கட்டம், நான்கு நல்ல குணங்களையும் ஒரே பிள்ளையில் சேர்ப்பது, மறுபடி பழைய குலுக்கல்தான். பெட்டி நிறையக் குஞ்சுகள் இங்கேயும் சேர்ந்தன.

நடுவழி ஒன்றை டெம்டெம் முயன்றது. பெற்றோர் போவதில்லை, ஆனால் ஒவ்வொரு முறை ஜோடி சேரும்போதும் கருவளம் ஒன்று குறையும், பூஜ்யமானால் அவ்வளவுதான். எல்லோரும் ஒரே உலகில் ஆடி, வாங்கி விற்கிற ஆட்டத்தில் நல்ல ஜோடிக்கு மதிப்பு நிற்க இது நியாயமான வழி. தனியாக ஆடுபவருக்குக் கஞ்சத்தனமாகத் தோன்றலாம்.

சரி, எதை எடுப்பது? போட்டிகளில் மற்றவர்களோடு மோத வேண்டுமென்றால் போக்கிமான். பொறுமை தானாக வந்துவிடும். ஒரு சூத்திரத்தைப் பிடித்து ஆட்டத்தையே குறுக்கே வெட்டிப் போக ஆசையிருந்தால் பால்வேர்ல்ட். கணக்குப் பிடித்து, இழப்புப் பிடிக்காதவர்களுக்கு மெகாமி டென்சே. என் ஓட்டு டிராகன் குவெஸ்டுக்கு. முதலில் பிடித்த ஸ்லைமை லெவல் 10-க்குக் கொண்டுவந்த பிறகும் கலக்க மனமில்லாமல் மூன்று நாள் வைத்திருந்தேன். கடைசியில் கலந்தேன். பிறந்தது ஒரு டிராகன். ஸ்லைமின் பெயரையே அதற்கும் வைத்தேன். ஆறு தலைமுறை தாண்டியும் அந்தப் பெயரை மாற்றவில்லை.