அடி எண்ணும் கைப்பட்டை: ஏழு மாத அனுபவம்

தள்ளுபடியில் 1,800 ரூபாய்க்கு வாங்கியது. சார்ஜ் ஆறு நாள் நிற்கிறது, வார் வியர்வைக்கு அரிக்கவில்லை. சரி, எண்ணிக்கை? சப்பாத்தி மாவு பிசைந்தால் 200 அடி ஏறும். சூப்பர் மார்க்கெட்டில் தள்ளுவண்டியைப் பிடித்தபடி அரை மணி நேரம் சுற்றினால் பாதிகூட ஏறாது. இது தெரிந்தும், பத்தாயிரம் அடி இலக்குக்கு இரவு பதினொன்றரைக்கு 9,640 என்று காட்டினால் படுக்க மனம் வராது. மொட்டை மாடியில் தண்ணீர்த் தொட்டியைச் சுற்றிச் சுற்றி வருவேன். ஒரு சுற்றுக்கு 38 அடி. இத்தனைக்கும் அந்தப் பத்தாயிரம் டாக்டர்கள் ஆராய்ந்து சொன்ன கணக்கே இல்லை. 1965இல் ஜப்பானில் விற்ற ‘மான்போ-கெய்’ (பத்தாயிரம் அடி மானி) என்ற கருவியின் பெயரிலிருந்து வந்தது. வலது முட்டி வீங்கியதும் கழற்றி பீரோவில் வைத்துவிட்டேன்.

மூன்று நட்சத்திரம். அப்புறம், இலக்கை 6,000ஆகக் குறைக்கலாம். செட்டிங்ஸில் கடைசியில் இருக்கிறது. நான் பார்த்தது போன வாரம்தான்.