செங்கோட்டை பக்கத்து போலீஸ் கோச்சிங் சென்டர்: கிரவுண்டு அருமை, ஆனா கேஸ் இருக்கிற பசங்க கேட்டுட்டு சேருங்க

தங்கச்சி மவன் இங்கதான் படிச்சான். சென்டர் பேரு போடல, புளியரை, கேசவபுரம் பக்கம் போலீஸ் செலக்‌ஷனுக்கு ஓடுற பசங்களுக்கு எதுன்னு தெரிஞ்சிருக்கும்.

கிரவுண்டு பயிற்சிக்கு முழு மார்க். 1500 மீட்டர 7 நிமிசத்துக்குள்ள முடிக்கிற வரைக்கும் மாஸ்டர் விடமாட்டாரு, கயிறு ஏற வராத பசங்கள சாயங்காலம் தனியா நிப்பாட்டி கைப்பிடி சொல்லித் தராரு. தமிழ் தகுதித் தேர்வுக்கும் விடாம டெஸ்ட் வைக்கிறாங்க. பீஸ் கொஞ்சம் கூடத்தான், ஆனா அதுக்கு வேலை பாக்குறாங்க.

எனக்கு மனசு ஆறாதது அட்மிஷன் டேபிள்ல நடக்கிறதுதான். உயரம் அளக்காங்க, மார்பு அளக்காங்க, சாதி சர்டிபிகேட் கேக்காங்க, "தம்பி, உன் பேர்ல ஏதாச்சும் கேஸ் இருக்கா"ன்னு மட்டும் கேக்க மாட்டேங்காங்க. மருமவன் கூட படிச்ச ஒரு பையன், கோயில் கொடையில ரெண்டு தரப்புக்கு நடந்த அடிதடில கூட்டத்தோட கூட்டமா இவன் பேரும் எஃப்ஐஆர்ல ஏறிட்டு, அப்புறம் ஊர்ல சமாதானம் பேசி சாட்சிங்க எல்லாம் மாத்திச் சொல்லி கோர்ட்ல விடுதலை ஆயிட்டான். பயந்துபோய் டேபிள்ல கேட்டதுக்கு, "விடுதலை ஆயாச்சுல்லா, ஃபார்ம்ல எழுத வேண்டாம்"னு சொல்லிருக்காங்க. எழுத்து, ஓட்டம் எல்லாம் பாஸ் பண்ணி கடைசில பின்னணிய விசாரிக்கிற போலீஸ் வெரிஃபிகேஷன்ல, ஸ்டேஷன் ரெக்கார்டுல பேரு வந்து ரிஜெக்ட். அந்தப் பையன் அம்மா அழுதத பாக்க முடியல.

விசயம் என்னன்னா, தமிழ்நாடு சிறப்புக் காவல் சார்நிலைப் பணி விதிகள்ல விதி 14(பி) இருக்கு. சந்தேகத்தின் பலன்லயோ, புகார் குடுத்தவங்க பிறழ் சாட்சி ஆனதாலயோ விடுதலை ஆனா, கிரிமினல் கேஸ்ல சம்பந்தப்பட்ட ஆளுன்னுதான் எடுத்துக்குவாங்க. வெரிஃபிகேஷன் நேரத்துல கேஸ் நடந்துட்டிருந்து, பின்னால கௌரவமான விடுதலையோ (குற்றமே செய்யலன்னு கோர்ட்டு முழுசா விடுறது) 'மிஸ்டேக் ஆஃப் ஃபேக்ட்'னோ (விவரமே தப்புன்னு கேஸ மூடுறது) முடிஞ்சா கறை இல்ல, ஆனா அடுத்த செலக்‌ஷன்ல கலந்துதான் வேலை கேக்க முடியும். மெட்ராஸ் ஹைகோர்ட் ஃபுல் பெஞ்ச் 2008லயே இந்த விதி செல்லும்னு சொல்லிட்டு.

சாட்சி மாறி விடுதலை ஆகுறதுக்கு எவ்வளவு மதிப்புன்னு தெரியணும்னா நம்ம தென்காசி பஸ் ஸ்டாண்ட்ல நடந்ததையே பாக்கலாம். 1999ல குற்றால சீசன் டூட்டிக்கு வந்த ஒரு போலீஸ்காரர் ஒரு பொம்பளகிட்ட தப்பா நடந்த கேஸ், கிரிமினல் கோர்ட் விட்டாலும் அது கௌரவமான விடுதலை இல்லன்னு 2012ல சுப்ரீம் கோர்ட்டு டிஸ்மிஸ்ஸ உறுதி பண்ணிட்டு. ஏற்கனவே போலீஸ் வேலையில இருக்கிறவருக்கே அப்படின்னா புதுசா சேர வர்ற பையனுக்கு எப்படி இருக்கும்!

மறைக்கிறது இன்னும் மோசம். 2016ல அவதார் சிங் கேஸ்ல சுப்ரீம் கோர்ட்டு, கோஷம் போட்ட மாதிரி சின்ன கேஸ மறைச்சிருந்தா அதிகாரி மன்னிக்கலாம்னு இடம் குடுத்திருக்கு, ஆனா அது அவங்க முடிவு, நம்ம உரிமை இல்ல. உண்மைய எழுதினாக்கூட பின்னணிய பாத்து வேண்டாம்னு சொல்ல அவங்களுக்கு அதிகாரம் இருக்கு, இருந்தாலும் எழுதினவனுக்குத்தான் கோர்ட்ல வாதாட ஒரு பிடி இருக்கும்.

இன்னொண்ணு, நம்ம பார்டர் பசங்களுக்கு. ஆரியங்காவு, தென்மலை, புனலூர்னு வேலைக்கு போற இடத்துல கேரளா போலீஸ் போட்ட கேஸ் இங்க தெரியாதுன்னு நினைக்காதீங்க, எந்த மாநிலத்து கேஸா இருந்தாலும் ஃபார்ம்ல எழுதணும். பேரு இருக்கான்னு கோர்ட் கேஸ் தேடுற ஈகோர்ட்ஸ் ஆப்ல தேடிப் பாருங்க, கேரளா எஃப்ஐஆர் அவங்க போலீஸோட துணா வெப்சைட்ல கிடைக்கும். பதினெட்டு வயசுக்குள்ள நடந்த கேஸ்னா 2015 சிறார் நீதிச் சட்டம் பிரிவு 24, அந்தக் கேஸால தகுதி போகாம பெரும்பாலும் காப்பாத்தும், அத தனியா வக்கீல்கிட்ட காட்டுங்க. கேஸ் இப்ப நடந்துட்டிருந்தா "எனக்கு போலீஸ் வேலைக்கு போகணும்"னு வக்கீல்கிட்ட முதல்லயே சொல்லிருங்க, ராஜின்னு கையெழுத்து போட்டப்புறம் சொல்லி பிரயோஜனம் இல்ல.

சென்டர்காரங்களுக்கு: ரிட்டயர்டு ஸ்பெஷல் பிராஞ்ச் ஏட்டு ஒருத்தர வச்சு அட்மிஷன் அன்னைக்கே ஒரு கிளாஸ் எடுங்க அண்ணாச்சி. அந்தப் பையன் பீஸயும் திருப்பிக் குடுங்க.

கேஸ் இல்லாத பசங்க தாராளமா சேரலாம். மூணு ஸ்டார்.