உடலோடு சேர்த்துத் தைத்த சட்டை

நல்லூரில் ஒரு பழைய நாற்சார் வீட்டு முற்றத்தில் நடைபெற்ற கம்போடிய ஆற்றுகைக்கு 500 ரூபாய் கொடுத்து நுழைவுச்சீட்டு வாங்கியபோது, சுற்றுலா விளம்பரங்களில் வரும் அப்சரா நடனத்தையே எதிர்பார்த்துச் சென்றேன். கலிபோர்னியாவின் லோங் பீச்சில் அகதிப் பெற்றோருக்குப் பிறந்த அந்தக் கலைஞர், நடனம், துணி, காணொளி ஆகிய மூன்றையும் சேர்த்து முற்றிலும் வேறொன்றைச் செய்திருந்தார்.

கம்போடியாவின் கெமர் அரச நடனத்தில் ஆடுபவரின் உடலோடு சேர்த்தே ஆடையைத் தைப்பது வழக்கம். முதல் பத்து நிமிடங்களும் அதுவே நடந்தது. கம்போடியர் தலைப்பாகையாகவும் துவாயாகவும் ஏணையாகவும் பயன்படுத்தும், கட்டம் போட்ட ‘கிராமா’ துணியாலான சட்டையை உதவியாளர் ஒருவர் அவர் மீதே வைத்துத் தைத்தார். இசை எதுவும் இல்லாததால், நூல் துணியூடாக இழுபடும் சத்தம் முன்வரிசையில் இருந்தவர்களுக்குக் கேட்டது.

பின்னர் ஆடினார். விரல்கள் பின்புறமாக வளைந்து இலையாகி, பூவாகி, கனியாகும் வரிசையை மூன்று முறை காட்டியவர், மூன்றாம் முறை பூவோடு நிறுத்திக் கையை அப்படியே வைத்திருந்தார். பக்கத்தில் இருந்த ஓய்வுபெற்ற நடன ஆசிரியை, “பிள்ளை, உது எங்கட அரைமண்டி மாதிரியெல்லோ?” என்று மெதுவாகக் கேட்டார். முழங்கால் மடிப்பு அப்படித்தான் தெரிந்தது. ஆனால் பரதநாட்டியத்தின் தட்டடவில் போலப் பாதம் நிலத்தை அறையவில்லை, கால்விரல்கள் மேல்நோக்கி நிமிர்ந்தே இருந்தன.

1975 ஏப்ரல் முதல் 1979 ஜனவரி வரை கம்போடியாவை ஆண்ட கெமர் ரூஜ் என்னும் கம்யூனிஸ்ட் இயக்கத்தின் ஆட்சியில் சுமார் 17 இலட்சம் பேர் இறந்தனர். அரச நடனக் கலைஞர்களில் பெரும்பாலானோரும் அவர்களுள் அடங்குவர். தப்பியவர்கள் தாய்லாந்து எல்லையில் காவோ இ டாங் போன்ற முகாம்களில் பிள்ளைகளுக்கு மீண்டும் கற்பிக்கத் தொடங்கினார்கள். இது தெரிந்தவருக்கு, கனியாகாமல் நின்ற அந்தக் கையே போதுமானது.

ஆனால் அதன் பிறகு வந்த காணொளி, அதே கருத்தைப் பதிவுசெய்த குரலில் இருபது நிமிடம் விளக்கியது. வாசலில் தந்த தமிழ்த் துண்டுப்பிரசுரத்தில் ‘இடைவெளிசார் அடையாளப் பேச்சுவார்த்தை’ என்று ஒரு தொடர் இருந்தது. ஏற்பாட்டாளர்களில் எவராவது அதை உரக்க வாசித்துப் பார்த்திருப்பாரா என்பது சந்தேகமே. குடும்பத்தில் பாதிப் பேர் ரொறன்ரோவில் இருக்க, மருமகளின் அரங்கேற்றத்தைக் கைபேசியில் பார்த்துப் பழகிய எமக்கு இத்தனை விளக்கம் தேவையில்லை. காணொளியில் உருப்படியாக இருந்தது ஒரு பகுதிதான்: தொன்மையானது என நாம் எண்ணும் இன்றைய அப்சரா நடனம், அங்கோர் கோயில் சிற்பங்களைப் பார்த்து, கம்போடிய அரசி கொசமக் தம் பேத்தி புப்பா தேவிக்காக இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் உருவாக்கியது என்ற செய்தி.

மறுநாள் காலை அதே கலைஞர் நடத்திய இரண்டு மணி நேரப் பட்டறைக்கு 1,500 ரூபாய். தனது உள்ளங்கையால் ஒவ்வொருவரின் விரல்களையும் பின்னால் தள்ளி, வலிக்கும் இடத்தில் நிறுத்தி, மூச்சு விடச் சொன்னார். எனது மோதிரவிரல் மூன்று நாட்களுக்கு நொந்தது. மறுபடி வருவாராயின் ஆற்றுகையை விட்டாலும் பட்டறையைத் தவறவிட வேண்டாம். நகத்தை முதல்நாளே வெட்டிக்கொண்டு செல்லவும்.