ஏஐ பி.டெக்.கா, அரசுக் கல்லூரி பி.எஸ்சி.யா: ஒரு திருவொற்றியூர் வீட்டுக் கணக்கு

பிளஸ் டூ ரிசல்ட் வந்துவிட்டால் எங்கள் தெருவில் என்னை நிறுத்திக் கேட்கிற கேள்வி ஒன்று உண்டு. "அண்ணே, உங்க பொண்ணுக்கு இன்ஜினியரிங் சீட்டு கையில இருந்துச்சாமே, ஏன் விட்டீங்க?" நின்ற இடத்தில் பதில் சொல்லி முடிகிற கேள்வி இல்லை அது. அதனால் எழுதிவிடுகிறேன்.

2024இல் மகள் பிளஸ் டூ முடித்தாள். அரசு உதவி பெறும் பள்ளி, தமிழ் வழி. இரண்டு இடம் கிடைத்தது. ஒன்று, புறநகரில் ஒரு சுயநிதிக் கல்லூரியில் செயற்கை நுண்ணறிவு, தரவு அறிவியல் பி.டெக். இன்னொன்று, அரசுக் கல்லூரியில் பி.எஸ்சி. வேதியியல். இரண்டாவதில் சேர்த்தோம். இரண்டு வருஷம் முடிந்திருக்கிறது. இன்றைக்குக் கேட்டாலும் அதையேதான் செய்வேன். ஆகவே இதை நடுநிலையான அலசல் என்று எடுத்துக்கொள்ள வேண்டாம்.

தெரிந்த விஷயங்களைச் சீக்கிரம் முடித்துவிடலாம். பி.டெக். நாலு வருஷம், பி.எஸ்சி. மூன்று. பி.டெக்.குக்கு வளாக நேர்காணல் உண்டு; வேதியியல் துறை வாசலில் கம்பெனிகள் வந்து நிற்பதில்லை. அங்கே கல்லூரி பஸ்ஸுக்குத் தனிக் கட்டணம். இங்கே சாதாரணக் கட்டணப் பஸ்ஸில் பெண்களுக்குக் காசில்லை. மழை கொட்டுகிற நாளில் மட்டும் மெட்ரோ. பாலிடெக்னிக்கையும் பார்த்தோம், அவளுக்கு மனம் ஒட்டவில்லை, அதோடு விட்டோம்.

அந்த ஏஐ சீட் எப்படி அவ்வளவு சுலபமாகக் கிடைத்தது என்பதை மட்டும் கொஞ்சம் நின்று பார்க்கவேண்டும். அவள் மதிப்பெண்ணுக்குப் பத்து வருஷம் முன்னால் அப்படி ஓர் இடமே இருந்திருக்காது. அந்தப் பாடப்பிரிவே இல்லை. 1996இல் வளர்ந்த நாடுகளின் கூட்டமைப்பான ஓஇசிடி "அறிவுசார் பொருளாதாரம்" என்று ஓர் அறிக்கை போட்டது. நிலம், இயந்திரம், மூலதனம் இவற்றைவிட இனி அறிவுதான் வளர்ச்சியை இழுத்துப்போகும் என்பது அதன் சாரம். அதன்பின் கல்விக் கொள்கை எழுதுகிறவர்கள் எல்லா நாட்டிலும் அந்த வார்த்தையைப் பிடித்துக்கொண்டார்கள். நம் நாட்டில் 2005இல் சாம் பிட்ரோடா தலைமையில் தேசிய அறிவுசார் ஆணையம் வந்தது. 2020இல் தேசியக் கல்விக் கொள்கை. மாநிலத்தில் 2022 மார்ச்சில், மாணவர்களுக்குத் திறன் பயிற்சி தரும் நான் முதல்வன் திட்டம். 2024-25இல், பொறியியல் கல்லூரிகளுக்கு அனுமதி கொடுக்கும் அமைப்பான ஏஐசிடிஇ, தரமான கல்லூரிகள் ஒரு பிரிவில் இத்தனை இடம்தான் வைக்கலாம் என்ற உச்சவரம்பையே எடுத்துவிட்டது. சிவிலிலும் மெக்கானிக்கலிலும் ஆள் சேராத கல்லூரிகள் அந்த வகுப்புகளைச் சுருக்கி, கம்ப்யூட்டர் வகையறாவைப் பெருக்கின. சந்தை எந்தப் பெயரைக் கேட்கிறதோ அந்தப் பெயரில் பட்டம் அச்சாகிறது. அந்தப் பெயர் நாலு வருஷம் கழித்து என்ன விலை போகும் என்று சேர்த்துக்கொள்கிறவர் யாரும் எழுதிக்கொடுப்பதில்லை.

என் மைத்துனன் இதை ஒத்துக்கொள்ளவே மாட்டான். "மாமா, உலகமே ஏஐனு ஓடுது, நீங்க பொண்ண லேப்ல பியூரெட் கண்ணாடிக் குழாயப் புடிக்க அனுப்புறீங்க" என்று அன்று சத்தம் போட்டான். அவன் பக்கம் நியாயம் இருக்கிறது. அந்தப் பாடத்திட்டம் மோசமானது இல்லை. நேரியல் இயற்கணிதம், நிகழ்தகவு, நிரல் எழுதுதல் எல்லாம் அதில் உண்டு. நல்ல ஆசிரியர் அமைந்தால் பிள்ளை பிழைத்துக்கொள்ளும். ஆனால் நாங்கள் பார்த்த கல்லூரியில் அந்தப் பிரிவு தொடங்கி இரண்டே வருஷம். ஒரு செட் மாணவர்கூடப் பட்டம் வாங்கி வெளியே வந்திருக்கவில்லை.

இதெல்லாம் இருந்தும் முடிவைத் தீர்மானித்தது பாடம் இல்லை, கடன்.

எனக்கு நடந்ததைச் சொன்னால்தான் இது புரியும். ஐடிஐயில் டர்னர் படித்து 19 வயதில் லேத்தில், அதாவது இரும்பைக் கடையும் மெஷினில், நின்றவன் நான். 38 வயதில் பட்டறை முதலாளி பழைய லேத்துகளை விற்றுவிட்டு, கம்ப்யூட்டர் கட்டளைப்படி ஓடும் சிஎன்சி மெஷின் இரண்டை இறக்கினார். "கத்துக்கிட்டு வாங்கப்பா, இடம் இருக்கு" என்றார். கற்றுக்கொள்ளும் வரை சம்பளம் கிடையாது. அம்பத்தூரில் ஆறு வாரப் பயிற்சி. முதல் வாரம், மெஷினுக்குக் கட்டளை எழுதுகிற ஜி கோடு ஒன்றும் பிடிபடவில்லை. டேப்பர், அதாவது சரிவாகக் கடைகிற பாடம் வந்த அன்றுதான் கண் திறந்தது. பழைய லேத்தில் வெட்டும் உளியைத் தாங்கும் காம்பவுண்ட் ஸ்லைடை எத்தனை டிகிரி திருப்புவது என்று முக்கோணவியலின் டேன் பார்த்துக் கணக்குப் போடுவோம். பெரிய விட்டத்தில் சின்ன விட்டத்தைக் கழித்து, நீளத்தின் இரண்டு மடங்கால் வகுத்தால் அந்தக் கோணத்தின் டேன். சிஎன்சியில் ஸ்லைடைத் திருப்புகிற வேலையே இல்லை. அதே கணக்கைத் தலைகீழாகப் போட்டு, முடிகிற இடத்தின் விட்டத்தை எக்ஸ் அச்சிலும் தூரத்தை இசட் அச்சிலும் தட்டினால் மெஷின் சரிவைத் தானே போடுகிறது. பள்ளிக்கூடத்துக் கணக்கு இருபது வருஷம் கழித்துக் கைகொடுத்தது.

என்னோடு லேத்தில் நின்றவர் ஒருவர், கைவேலையில் என்னைவிடக் கெட்டிக்காரர். கணக்கும் நன்றாக வரும். அவருக்கு வீட்டுக் கடன் தவணை இருந்தது. ஆறு வாரம் சம்பளம் இல்லாமல் இருக்க முடியவில்லை. ஓர் அடுக்குமாடிக் குடியிருப்பில் வாட்ச்மேனாகப் போனார், இன்னும் அங்கேதான். எனக்கும் அவருக்கும் திறமையில் வித்தியாசம் இல்லை, தவணையில்தான் வித்தியாசம். அறிவுசார் பொருளாதாரத்தில் வாழ்நாள் முழுக்கக் கற்கவேண்டும் என்று கொள்கைக்காரர்கள் சொல்கிறார்கள். உண்மைதான், நானே சாட்சி. ஆனால் அந்த ஆறு வாரம் வீட்டில் உலை கொதிப்பது எப்படி என்பது அந்த ஆவணங்களில் வருவதில்லை. திரும்பவும் படிக்க முடிவது கடன் இல்லாதவருக்குத்தான்.

அந்தக் கண்ணோடு இரண்டு படிப்பையும் பாருங்கள். சுயநிதிக் கல்லூரியில் கட்டணம், பஸ், தேர்வுப் பணம், லேப்டாப்புக்கான பங்கு எல்லாம் சேர்த்து வருஷத்துக்கு 1.25 லட்சம் என்று கணக்கு வந்தது. நாலு வருஷத்துக்கு 5 லட்சம். வங்கியில் 10.5 சதவீத வட்டி சொன்னார்கள். படிக்கிற நாலு வருஷமும் அதற்குப் பின் ஒரு வருஷமும் தவணை இல்லை. வட்டி மட்டும் ஓடிக்கொண்டிருக்கும். தனி வட்டியாகவே போட்டாலும் தவணை தொடங்கும் அன்று கடன் ஏறக்குறைய 6.84 லட்சமாக நிற்கும். அதை 7 வருஷத்தில் அடைக்க மாதம் 11,500 ரூபாய். மொத்தம் கட்டுவது 9.7 லட்சம் அளவுக்கு வரும். குடும்ப வருமானம் 4.5 லட்சத்துக்குள் இருந்தால் அந்த இடைக்கால வட்டியை ஒன்றிய அரசு ஏற்கிற திட்டம் இருக்கிறது, கல்லூரிக்கோ பாடத்துக்கோ தர அங்கீகாரம் இருக்கவேண்டும். நாங்கள் பார்த்த கல்லூரிக்கு அது இல்லை. புதுப் பாடம் என்றால் ஒரு செட் வெளியே வராமல் பாடத்துக்கான அங்கீகாரமும் கிடைக்காது. புதுப் பெயருக்கு ஆசைப்பட்டவர் அதற்கான வட்டியையும் தானே சுமக்கவேண்டும்.

பெரிய ஐடி கம்பெனிகள் கூட்டமாக ஆள் எடுக்கும்போது புதியவருக்குக் கொடுப்பது வருஷத்துக்கு மூன்றரை லட்சம் பக்கம். கைக்கு வருவது மாதம் 25,000 என்று வைத்துக்கொண்டாலும் பாதிக்குக் கொஞ்சம் குறைவு தவணைக்கே போய்விடும். அந்தப் பெண் 22 வயதிலிருந்து 30 வயது வரை எம்.டெக். பற்றியோ ஆராய்ச்சி பற்றியோ நினைக்கமுடியாது. வேலை பிடிக்காவிட்டாலும் விடமுடியாது.

அரசுக் கல்லூரியில் முதல் வருஷம் நாங்கள் கட்டியது 3,000 ரூபாய்க்குள். புதுமைப்பெண் திட்டம் 2024-25 முதல் உதவி பெறும் பள்ளியில் தமிழ் வழி படித்த பெண்களுக்கும் நீட்டிக்கப்பட்டதால் மாதம் 1,000 ரூபாய் அவள் கணக்கில் விழுகிறது. அந்தப் பணத்தில்தான் சென்னை ஐஐடியின் தரவு அறிவியல் ஆன்லைன் படிப்பில் இதோடு கூடவே சேர்ந்தாள். 2020இல் தொடங்கிய படிப்பு அது. வருமானத்தைப் பொறுத்து 75 சதவீதம் வரை கட்டணச் சலுகை உண்டு, பாதியில் நிறுத்தினாலும் அதுவரைக்கான சான்றிதழ் கிடைக்கும். ஒரே நேரத்தில் இரண்டு பட்டம் படிக்கலாம் என்று பல்கலைக்கழக மானியக் குழுவான யுஜிசி 2022இல் சொல்லிவிட்டது. மைத்துனன் கேட்ட ஏஐயும் வீட்டுக்குள் வந்துவிட்டது, கடன் வரவில்லை. ராத்திரி பத்து மணிக்கு அவள் பைத்தானோடு மல்லுக்கட்டுவதைப் பார்க்கிறேன். இரண்டையும் கடைசிவரை இழுத்துப்போக முடியுமா என்று இப்போதே சொல்லமாட்டேன். போன செமஸ்டரில் ஒரு பாடத்தை விடவேண்டி வந்தது.

ஏன் வேதியியல் என்று கேட்டால் அதற்கு ஒரு ராத்திரி இருக்கிறது. 2023 டிசம்பர் 26, எண்ணூர் பெரியகுப்பம் கடலோரத்தில் குழாயிலிருந்து அம்மோனியா கசிந்தது. அதே மாதத் தொடக்கத்தில்தான் புயல் வெள்ளத்தோடு எண்ணூர் கழிமுகத்தில் எண்ணெய் பரவி, படகெல்லாம் கறுத்துக் கிடந்தது. அம்மோனியா கசிந்த அன்று ராத்திரி எங்கள் உறவுக்காரர்கள் பிள்ளைகளைத் தூக்கிக்கொண்டு எங்கள் வீட்டுக்கு ஓடிவந்தார்கள். எல்லார் கண்ணும் சிவந்து ஒழுகிக்கொண்டிருந்தது. மகள் துண்டை நனைத்து ஒவ்வொருவர் முகத்திலும் வைத்தாள். "அம்மோனியா தண்ணியில சட்டுனு கரையும்பா, அதனாலதான் கண்ணுல போய் ஒட்டுது. ஈரத் துணியில பாதி நின்னுடும்" என்றாள். பிளஸ் டூ புத்தகத்தில் படித்தது. அன்றைக்கே அவள் முடிவெடுத்துவிட்டாள் என்று இப்போது தோன்றுகிறது.

அரசுக் கல்லூரியின் குறைகளையும் மறைக்கக்கூடாது. ஆய்வகத்தில் நாலு பேருக்கு ஒரு பியூரெட். ஒருத்தி பிப்பெட்டில் அளந்து ஊற்ற, ஒருத்தி நிறம் மாறுவதைப் பார்க்க, மற்ற இருவர் நோட்டில் எழுதுவார்கள். தன் முறை வர இரண்டு வாரம் ஆகும் என்பாள். கௌரவ விரிவுரையாளர்கள்தான் பல வகுப்புகளைத் தாங்குகிறார்கள். அவர்களுக்கு ஆராய்ச்சி செய்ய நேரமும் இல்லை, பணமும் இல்லை. அறிவுசார் பொருளாதாரம் என்று பேசுகிற நாடு இந்த வகுப்பறைகளுக்குச் செலவு செய்யாதது எனக்கு ஆறவே இல்லை.

ஆராய்ச்சிப் பக்கத்தில் எனக்கு நேரடி அனுபவம் கிடையாது. எங்கள் வம்சத்தில் யாரும் அந்தப் பக்கம் போனதில்லை. தெரிந்தவரைக்கும் கணக்கு இது. தமிழ்நாட்டில் இளநிலை மூன்று வருஷம்தான். அதனால் நாலு வருஷப் பட்டத்தோடு நேரே பி.எச்டி. போகிற வழி அவளுக்கு இல்லை, எம்.எஸ்சி. முடிக்கவேண்டும். பி.டெக். முடித்தவருக்கு அந்த வழி திறந்திருக்கிறது என்பதையும் சொல்லத்தான் வேண்டும். இளம் ஆராய்ச்சியாளர் உதவித்தொகையான ஜேஆர்எஃப் தேறினால் மாதம் 37,000 ரூபாய், வாடகைப்படி தனி. எங்கள் பட்டறையில் இருபது வருஷ சர்வீஸ் உள்ளவருக்கே அந்தச் சம்பளம் கிடையாது.

ஆராய்ச்சிக்கு வருகிற பணம் எங்கே போகிறது என்பதுதான் எனக்குள்ள பயம். நாட்டு வருமானத்தில் 0.64 சதவீதம்தான் ஆராய்ச்சிக்குப் போகிறது. 2023இல் அனுசந்தான் தேசிய ஆராய்ச்சி அறக்கட்டளைச் சட்டம் வந்தபோது ஐந்து வருஷத்துக்கு 50,000 கோடி என்றார்கள். அதில் 36,000 கோடி அரசுக்கு வெளியிலிருந்து வரவேண்டியது. 2025இல் ஒன்றிய அமைச்சரவை ஒப்புதல் கொடுத்த ஒரு லட்சம் கோடி நிதி, சந்தைக்குப் போகத் தயாராகிவரும் தொழில்நுட்பங்களுக்குத் தனியார் துறை வாங்கிக்கொள்ளும் நீண்டகாலக் கடன். விற்கக்கூடிய ஆராய்ச்சிக்குப் பணம் வரும். எண்ணூர் கழிமுகத்துச் சேற்றில் என்ன கலந்திருக்கிறது, அது மீனில் எவ்வளவு ஏறுகிறது என்று பார்க்கிற ஆராய்ச்சியை யார் வாங்குவார்கள்? ஆலைகளெல்லாம் வடக்கே மணலியிலும் எண்ணூரிலும் இருக்கின்றன. தோல் ஆராய்ச்சி நிலையம் அடையாறில், கணித அறிவியல் நிறுவனம் தரமணியில், ஐஐடி கிண்டிப் பக்கம். எங்களூர்ப் பிள்ளைகள் கூவத்தைத் தாண்டினால்தான் ஆய்வகத்தைப் பார்க்கமுடியும். இவள் போய்ச் சேரும்போது அடிப்படை வேதியியலுக்கு இடம் சுருங்கியிருந்தால் என் கணக்கும் தப்பாகலாம். அப்படியே ஆனாலும் 23 வயதில் கடனில்லாமல் நிற்பாள், இன்னொன்று படிப்பாள்.

அடுத்த வருஷம் ஐஐடி போன்ற இடங்களில் எம்.எஸ்சி. சேர்வதற்கான ஜாம் தேர்வு எழுதுகிறாள். பழைய வினாத்தாள்கள் மேசையில் அடுக்கியிருக்கின்றன.

பக்கத்து வீட்டுப் பெண் வந்து கேட்டபோது நான் வேறு பதில் சொன்னேன். ஆறாம் வகுப்பிலிருந்து மாநகராட்சிப் பள்ளி. அரசுப் பள்ளி மாணவர்களுக்கான 7.5 சதவீத ஒதுக்கீட்டில் இடம் கிடைத்தால் கல்விக் கட்டணம், விடுதி, போக்குவரத்து எல்லாவற்றையும் மாநில அரசே கட்டும். அவளுக்குக் கடன் என்ற பேச்சே இல்லை. "பி.இ. சேரும்மா, நல்ல கல்லூரியா பாத்து எடு, பிரிவோட பேரப் பாத்து மயங்காதே" என்றேன். திங்கட்கிழமை சான்றிதழ் சரிபார்ப்பு. அவள் அப்பாவுக்கு ஷிப்ட் இருப்பதால் நான்தான் கூடப் போகிறேன்.