டைம் டீம்: 20 பருவங்களையும் பார்த்தால் தெரிவது

தொல்லியல் ஆவணப்படம் என்றால் உருக்கமான இசை, எங்கோ வெறித்துப் பார்க்கும் தொகுப்பாளர், கடைசியில் ஒரு பொற்காசு என்றே பழகிவிட்டோம். பிரிட்டனின் சேனல் 4இல் 1994இல் தொடங்கிய 'டைம் டீம்' அந்த வழியில் போகவில்லை. ஓர் இடம், 3 நாள் தோண்டல். தொகுப்பாளர் டோனி ராபின்சன் கேள்வி கேட்பார். தொல்லியலாளர்கள் மிக் ஆஸ்டனும் ஃபில் ஹார்டிங்கும் சேறு படிந்த கையோடு பதில் சொல்வார்கள்.

பார்க்கப் பார்க்க மதிப்பு கூடுவது, தோண்டுவதற்கு முன் நடக்கும் நில அளவீட்டுக்குத்தான். நிலத்தைச் சதுரங்களாகப் பிரித்துக்கொண்டு, மண்ணின் காந்தப்புல மாற்றத்தை அளக்கும் காந்தமானியோடு நடக்கிறார்கள். நெருப்பில் வெந்த சூளையும் அடுப்பும், மேல்மண் சரிந்து மூடிய பழைய அகழியும் அதில் தனியாகத் தெரியும். சுவர் தேட, மண்ணில் மின்சாரம் செலுத்தித் தடையை அளக்கும் மின்தடைக் கருவி: கல்லில் ஈரம் குறைவு, தடை கூடும்; அகழி மண்ணில் ஈரம் தங்கும், தடை குறையும். கருவி ஏமாற்றும் இடங்களையும் மறைக்காமல் காட்டினார்கள். இரும்பு வேலிக்குப் பக்கத்திலும் எரிமலைப் பாறை நிலத்திலும் காந்தமானியை நம்ப முடியாது. மண் அடிவரை காய்ந்துவிட்டால் மின்தடைப் படத்தில் சுவர் மங்கிப்போகும்.

வேல்ஸின் லிகாட்வி என்ற இடத்தில் தோண்டிய அத்தியாயத்தைத் தவறவிடாதீர்கள். இரும்புக் கால வாள் ஒன்று கிடைக்கிறது. அதற்கு அடியில் முள்கம்பி! கம்பிக்குப் பிறகுதான் வாள் அங்கே வந்திருக்க வேண்டும். மண்ணடுக்கு, அதாவது அடியில் இருப்பது முந்தையது, மேலே இருப்பது பிந்தையது என்பதை இதைவிடத் தெளிவாக விளக்கிய காட்சி கிடையாது.

குறையும் அந்த 3 நாளில்தான். பானை ஓடுகளைக் கழுவி வகைப்படுத்தவும் கரிமக் காலக்கணிப்பு வரவும் வாரக்கணக்கில் ஆகும். நிகழ்ச்சியோ மூன்றாம் நாள் மாலையே முடிவைச் சொல்லியாக வேண்டும். அந்த இடம் அக்காலத்தில் எப்படி இருந்திருக்கும் என்று காட்டும் விக்டர் ஆம்ப்ரஸின் ஓவியங்கள் அருமை. ஆனால் கம்பம் நட்ட குழியின் தடம் சொல்வது கம்பத்தின் பருமனையும் இடைவெளியையும் மட்டுமே, கூரையின் வடிவத்தை அல்ல. எது சான்று, எது ஊகம் என்று படத்திலேயே பிரித்துக் காட்டியிருக்கலாம். 2012இல் நிகழ்ச்சியின் வடிவத்தை மாற்றியதும் ஆஸ்டன் விலகினார். அந்த இழப்பு திரையில் தெரிகிறது.

பிற்காலப் பருவங்களின் பல அகழாய்வு அறிக்கைகளை வெசெக்ஸ் ஆர்க்கியாலஜி என்ற தொல்லியல் நிறுவனம் இணையத்தில் இலவசமாக வைத்திருக்கிறது. அளவீட்டுப் படம் திரையில் வந்ததும் நிறுத்துங்கள். நீங்களாக இருந்தால் எங்கே குழி போடுவீர்கள் என்று குறித்துவிட்டு மேலே பாருங்கள். பிறகு அறிக்கையைத் திறந்து, மூன்றாம் நாள் சொன்ன முடிவு நின்றதா என்று சரிபாருங்கள்.